பி பக்கம், நாலாவது பாட்டு

நம் வயதுக்காரர்கள் நாலு பேர் சேர்ந்தால் எப்படியோ கேசட் பேச்சு வந்துவிடுகிறது. உடனே ஒருவர் பென்சிலை விட்டு நாடாவைச் சுற்றிய கதையை ஆரம்பிப்பார். இன்னொருவர் கடையில் பாட்டுப் பட்டியல் எழுதிக் கொடுத்துப் பதிந்து வாங்கியதைச் சொல்லி உருகுவார். அந்த இடத்தில் நான் எழுந்து காபி போடப் போய்விடுவேன். என்னை அழுத்தக்காரி என்று நீங்கள் கேலி செய்வதும் அடுப்படிக்குக் கேட்கும். கேலி செய்துகொள்ளுங்கள். எனக்கு கேசட் என்றால் ஒரே ஒரு கேசட்தான். அதைப் பற்றி உங்கள் யாரிடமும் இத்தனை காலம் பேசியதில்லை. போன வருடம் நைனா போய்ச் சேர்ந்துவிட்டார். இனிமேல் பேசலாம்.

எங்கள் பக்கம் அப்பாவை நைனா என்போம். ஆந்திர எல்லை கூப்பிடு தூரம். கும்மிடிப்பூண்டித் தொழிற்பேட்டைக்குப் பின்புறம், ரயில் பாதைக்கும் ஏரிக்கும் நடுவில் எங்கள் தெரு. நைனாவுக்கு முந்தைய தலைமுறை வயல் வேலைக்குப் போனது. நைனாவின் தலைமுறை சங்கு ஊதினால் கம்பெனிக்குப் போனது. தெருவில் பாதி வீடு அம்மன் கோயிலுக்குக் கூழ் ஊற்றுகிறவர்கள், பாதி வீடு எங்களைப் போல சர்ச்சுக்குப் போகிற வேதக்காரர்கள். நைனா இரும்பை உருக்கிக் கம்பி இழுக்கும் ஆலையில் இருந்தார். அவர் சட்டைகளில் பொறி பட்டுப் பட்டுப் பொத்தல் விழுந்திருக்கும். ஞாயிற்றுக்கிழமைச் சட்டை ஒன்றுதான் முழுதாக இருக்கும்.

அத்தை அவருடைய ஒரே தங்கை. தாய் தகப்பன் சின்ன வயதிலேயே போய்விட, நைனாதான் வளர்த்தார். எனக்குப் பதினொரு வயதாகும்போது அத்தைக்கு இருபத்திரண்டு, இருபத்துமூன்று இருக்கலாம். மாத்திரை கம்பெனியில் பேக்கிங் வேலை. சத்து மாத்திரைத் தூள் அவள் நகக்கண்ணிலும் முன்மயிரிலும் மஞ்சளாகப் படிந்திருக்கும். எத்தனை சோப்பு போட்டாலும் அந்த வாடை போகாது. கொஞ்சம் இனிப்பு, கொஞ்சம் குமட்டல். நான் அவள் பக்கத்தில் படுத்துத்தான் தூங்குவேன். இன்றைக்கும் மருந்துக் கடையில் அந்த மாத்திரை அட்டையை யாராவது பிய்த்தால் எனக்குத் தூக்கம் வருகிறது.

அத்தை பாடுவாள். சர்ச்சில் பாட்டுக் குழுவுக்கு அவள்தான் முதல் குரல். வீட்டில் பாத்திரம் துலக்கும்போது, கோலி குண்டு மாதிரி மாத்திரைகளை எண்ணிப் போடுவதை எனக்கு நடித்துக் காட்டும்போது, எல்லாவற்றுக்கும் ஒரு பாட்டு உண்டு. அவளுக்கு ஒரே ஒரு ஆசை இருந்தது. ஆடி மாதம் அம்மன் கோயில் அரச மரத்தில் கட்டும் குழாய் ஸ்பீக்கரைக் காட்டிச் சொல்வாள்.

"அதுல ஒரு நாளு என் குரலு வரணும்டி. தெருவே நின்னு கேக்கணும்."

"அது அம்மன் பாட்டாச்சே அத்தை?"

"பாட்டு பாட்டுதான். நீ போய் பாஸ்டர்கிட்ட சொல்லிக்கினு இருக்காத."

அந்த வருடம் கோடையில் கம்பெனியில் பயிற்சி என்று சொல்லிவிட்டு இரண்டு நாள் பட்டணம் போனாள். திரும்பி வந்தபோது தொண்டை கட்டியிருந்தது. முகம் மட்டும் மினுங்கிக்கொண்டிருந்தது. ஒரு மாதம் கழித்து அவளோடு வேலை செய்கிற பெண் ஒருத்தி எங்கள் வீட்டுக்கு வந்தாள். பேச்சு வாக்கில், "அந்த ரெண்டு நாளு ஜொரம்னு லீவு போட்டியே, இப்போ பரவால்லியா?" என்று கேட்டுவிட்டாள். நைனா அப்போது வாசலில் முகம் கழுவிக்கொண்டிருந்தார். துண்டை எடுக்காமலே உள்ளே வந்தார்.

அந்தப் பெண் போகும்வரை பொறுத்திருந்து கேட்டார். முதல் தடவை அத்தை பேசவில்லை. இரண்டாம் தடவையும் பேசவில்லை. மூன்றாம் தடவை சொல்லிவிட்டாள்.

"கேசட்டுக்குப் பாடப் போனேன்ணா. திருவள்ளூர்ல கச்சேரி வச்சிருக்காரே, அவரு கூப்ட்டாரு. பாட வேண்டிய பொண்ணுக்கு ஒடம்பு சரியில்லன்னாரு. ராத்திரி கோரஸ் பாடுற ஒரு அக்கா ஊட்லதான் தங்குனேன். சத்தியமா."

"இன்னா பாட்டு?"

"அம்மன் பாட்டு."

"அம்மன் பாட்டா? நீயா?" என்றார் நைனா. கோபத்தைவிட அவருக்கு ஆச்சரியம்தான் அதிகமாக இருந்தது. சர்ச்சில் முதல் வரிசையில் நின்று பாடுகிற பெண்ணை அம்மன் பாட்டுக்கு யார் கூப்பிடுவார்கள்? பொய் சொல்கிறவள் இதைவிட நம்பும்படியாக ஒன்றைச் சொல்லியிருப்பாள் என்று இன்று எனக்குப் படுகிறது. அன்று யாருக்கும் அது படவில்லை.

இதில் இன்னொரு சிக்கல் இருந்தது. அத்தைக்கு ஒரு சம்பந்தம் பேசி முடித்திருந்தார்கள். பக்கத்துக் கம்பெனியில் பிட்டர். கையில் எண்ணெய் அழுக்கில்லாமல் வந்து பெண் பார்த்துவிட்டுப் போன, சிரித்த முகத்துக்காரர். அத்தைக்கும் பிடித்திருந்தது. இரண்டு நாள் எங்கே போனாள் என்ற பேச்சு தெருக்குழாயடியில் கிளம்பி, எட்டு நாளில் மாப்பிள்ளையின் அம்மா காதுக்குப் போய்விட்டது. அந்த அம்மாள் வந்து நேராகவே கேட்டார்கள். நைனா நிமிர்ந்து உட்கார்ந்து பதில் சொன்னார்.

"எந்தங்கச்சி பாடத்தான் போச்சு. ஆடிக்குக் கேசட்டு வரும். நீங்களே வந்து உங்க காதால கேளுங்க."

அந்த அம்மாளும் நியாயமாகத்தான், "சரி, கேசட்டு வரட்டும்" என்றார்கள். அத்தையின் கல்யாணம் ஒரு பாட்டில் தொங்கிக்கொண்டிருந்தது.

அந்த ஆனி மாதம் மாதிரி நீளமான மாதத்தை நான் பார்த்ததில்லை. அத்தை வேலைக்குப் போனாள், வந்தாள். நாஷ்டா வைத்தால் பாதி தின்பாள். கண்ணாடியில் முகம் பார்ப்பதை விட்டுவிட்டாள். ஆடி பிறந்த மூன்றாம் நாள் நைனா ஆலையிலிருந்து நேராக ஸ்டேஷன் பக்கம் இருந்த கேசட் கடைக்குப் போய் அதை வாங்கி வந்தார். வேதக்காரர் அம்மன் கேசட் வாங்குவதைப் பார்த்துக் கடைக்காரன் சிரித்தானாம். அம்மா அதை வாங்கிச் சட்டென்று பைபிளுக்குப் பின்னால் ஒளித்து வைத்தாள். பிறகு அதுவும் தப்பென்று தோன்றி அரிசிப் பானைக்கு மாற்றினாள்.

யாரும் இல்லாதபோது எடுத்துப் பார்த்தேன். புது பிளாஸ்டிக் வாசனை. அட்டையில் வேப்பிலை மாலை போட்ட அம்மன். 'பதினாறு பாடல்கள்' என்று கொட்டை எழுத்து. உள்ளே எல்லாப் பாட்டுக்கும் முதல் அடி அச்சடித்திருந்தது. கடைசியில் ஒரே வரி: 'பாடியவர்கள்: பல்வேறு கலைஞர்கள்'. அத்தையின் பேரை முன்னும் பின்னும் தேடினேன். யாருடைய பேரும் இல்லை.

இப்படிப்பட்ட தொகுப்புகள் அப்போது நிறைய வந்தன. பத்துப் பேர் பத்து இடத்தில் பாடியதை ஒருவன் மொத்தமாக வாங்கி ஒரே நாடாவில் கோத்து விற்பான். நாமும் பேர் பார்த்தா வாங்கினோம்? ஒரே கேசட்டில் எத்தனை பாட்டு என்றுதான் பார்த்தோம்.

ஞாயிற்றுக்கிழமை ஆராதனை முடிந்ததும் எங்கள் வீட்டில் கூடினார்கள். மாப்பிள்ளையின் அம்மா பாயில் உட்கார்ந்தார்கள். அவர்களுக்கு முன்னால் அம்மா கலர் சோடா உடைத்து டம்ளரில் ஊற்றி வைத்தாள். நியாயம் சொல்ல ஒரு ஆள் வேண்டும் என்று நைனாவே போய் சர்ச்சின் பாட்டு மாஸ்டரை அழைத்து வந்திருந்தார். மாஸ்டர் தன் ஆர்மோனியத்தையும் தூக்கி வந்தார். அத்தை தன் சம்பளத்தில் வாங்கிய டேப் ரெக்கார்டர் நடுவில் இருந்தது. அதற்கு அம்மா பின்னிய பூப்போட்ட உறையை அன்றைக்கு யாரும் கழற்றக்கூட இல்லை, மேலே தூக்கி விட்டிருந்தார்கள்.

ஏ பக்கம் முழுக்கக் கேட்டோம். அத்தை ஒவ்வொரு பாட்டுக்கும் தலையாட்டி இல்லை என்றாள். பி பக்கம் திருப்பினார்கள். நாலாவது பாட்டு தொடங்கியதும் அத்தை எழுந்து நின்றுவிட்டாள்.

"இதான். இதான் நான் பாடுனது."

உடுக்கை ஒலித்தது. ஒரு பெண் குரல் வந்தது. மெல்லிய, கீச்சென்ற, அவசரமான குரல். பள்ளிக்கூடத்துப் பெண் பாடுவது போல இருந்தது. நான் அத்தையைப் பார்த்தேன். அவள் முகம் கொஞ்சம் கொஞ்சமாக மாறிக்கொண்டிருந்தது. அவள் தன் குரலை வெளியிலிருந்து அதற்கு முன்னால் கேட்டதே இல்லை.

"பாட்டு இதான். ஆனா… குரலு வேற மாதிரி கீதே" என்றாள்.

அந்த ஒரு வார்த்தையை அவள் சொல்லாமல் இருந்திருக்கலாம். மாப்பிள்ளையின் அம்மா மெதுவாக மாஸ்டரைத் திரும்பிப் பார்த்தார்கள். மாஸ்டர் ஆர்மோனியத்தின் துருத்தியைத் தள்ளி ஒரு கட்டையை அழுத்தினார். அடுத்ததை அழுத்தினார். பாட்டோடு ஒட்டிப்போகிற கட்டையில் விரலை நிறுத்தினார்.

"இது ஆறு கட்டைங்க. நம்ம பொண்ணு எனக்குத் தெரிஞ்சு அஞ்சு கட்டைக்கு மேல பாடினதில்ல. அஞ்சு வருஷமா நான்தானே சுருதி வைக்கிறேன்?"

"அன்னிக்கி அஞ்சுலதான் பாடுனேன் மாஸ்டர்" என்றாள் அத்தை. இரண்டாவது தவறு.

"இது ஆறும்மா. தோ, காதுல கேக்குதே."

"ஆறுலயே பாடிக் காட்டும்மா" என்றார் நைனா. அவர் அதைச் சொன்ன விதம் உத்தரவு மாதிரி இல்லை, கெஞ்சல் மாதிரி இருந்தது. மாஸ்டர் சுருதி கொடுத்தார். அத்தை ஆரம்பித்தாள். தாயே என்று நீட்டிக் கூப்பிடும் இடத்தில் மேலே போக முடியாமல் குரல் உடைந்தது. மறுபடி ஆரம்பித்தாள். மறுபடி உடைந்தது. மூன்றாவது தடவை வாயைத் திறந்தாள், சத்தமே வரவில்லை.

நைனா என்னைப் பார்த்தார்.

"இவதான் அத்தை கூடவே படுத்துக்கினு கெடக்கிறவ. அவ பாடுற அத்தினி பாட்டும் இவளுக்குத் தெரியும். நீ சொல்லு கண்ணு. அது அத்தை கொரலா?"

பாயில் இருந்த எல்லோரும் என் பக்கம் திரும்பினார்கள். எனக்குப் பெருமையாக இருந்தது, அதை மறைக்க மாட்டேன். பெரியவர்கள் நடுவில் என்னை ஒரு விஷயம் கேட்டார்கள் அல்லவா? காதில் விழுந்ததை அப்படியே சொன்னேன்.

"இல்ல நைனா. அத்தை மாதிரி இல்ல."

மாப்பிள்ளையின் அம்மா எழுந்து புடவையை உதறிக்கொண்டு போய்விட்டார்கள். ஊற்றி வைத்த கலர் குறையாமல் அப்படியே இருந்தது. அதை யாருக்கும் கொடுக்க மனமில்லாமல் அம்மா வாசலில் கொட்டினாள். மாஸ்டர் ஆர்மோனியத்தை மூடும்போது, "தப்பா எடுத்துக்காதீங்க, கேட்டதைத்தான் சொன்னேன்" என்றார். அவர் சொன்னதும் உண்மை, நான் சொன்னதும் உண்மை. ஆறு கட்டையில்தான் அது ஒலித்தது, அத்தை மாதிரியும் அது இல்லை.

நைனா அதோடு விடவில்லை. இதை நான் கட்டாயம் சொல்ல வேண்டும். அவரைக் கல் நெஞ்சுக்காரர் என்று நீங்கள் நினைத்துவிடக் கூடாது. முதலில் திருவள்ளூர் போய்க் கச்சேரிக்காரரைத் தேடினார். அவர் வீட்டைக் காலி செய்துகொண்டு வடக்கே எங்கேயோ போய்விட்டதாகச் சொன்னார்களாம். அடுத்த வாரம் ஆலைக்கு லீவு போட்டு, என்னைக் கூட்டிக்கொண்டு மின்சார ரயிலில் பட்டணம் போனார். கேசட் அட்டையில் இருந்த விலாசத்தைத் துண்டுக் காகிதத்தில் எழுதி வைத்திருந்தார்.

ஒரு குறுகலான மாடி. அங்கே தரையில் ஏழெட்டுப் பெண்கள் வட்டமாக உட்கார்ந்து டப்பாவுக்குள் அட்டையையும் கேசட்டையும் போட்டு மூடிக்கொண்டிருந்தார்கள். டக், டக், டக் என்று நிற்காத சத்தம். அவர்கள் கை வேகம் அத்தையின் கை வேகம் மாதிரியே இருந்தது. மேஜைக்குப் பின்னால் இருந்தவர் நைனாவை உட்காரச் சொன்னார். மரியாதையாகத்தான் பேசினார்.

"மாஸ்டர் டேப்பு மட்டும்தாங்க எங்ககிட்ட வரும். மொத்தமா வாங்கினது. யாரு பாடுனாங்கன்னு எங்களுக்கே தெரியாது."

"பேரு எழுதி வைக்க மாட்டீங்களா சார்?"

"எதுக்கு? ஜனங்க அம்மனைக் கேக்குறாங்க. பாடுறவங்களையா கேக்குறாங்க?" என்று சிரித்துவிட்டு, ஒரு கேசட்டை எடுத்து நைனா முன்னால் தட்டிக் காட்டினார். "பதினாறு பாட்டு பாருங்க. இந்த சைசு கேசட்டுல பதினாலுக்கு மேல எவனும் குடுக்க மாட்டான். நாங்க குடுக்கிறோம்."

அது எப்படி முடிகிறது என்று நைனா கேட்கவில்லை. கேட்கத் தோன்றியிருந்தால் எங்கள் வீட்டுக் கதையே வேறு. இரும்பைப் பற்றி அவருக்குத் தெரியாதது கிடையாது. நாடாவைப் பற்றி எங்கள் தெருவில் யாருக்கும் எதுவும் தெரியாது.

திரும்பும்போது ரயிலில் ஜன்னலோரம் எனக்கு இடம் பிடித்துக் கொடுத்தார். வேர்க்கடலை வாங்கித் தந்தார். பொன்னேரி தாண்டியது. அப்புறம் என் பக்கம் குனிந்து, பக்கத்தில் இருப்பவர்களுக்குக் கேட்காமல் கேட்டார்.

"கண்ணு, மெய்யாலுமே உனக்கு அது அத்தை கொரலு மாதிரி தெரியலியா? கொஞ்சம்கூடவா தெரியல?"

"இல்ல நைனா."

"யோசிச்சு சொல்லு."

யோசித்தேன். கடலையை மென்றுகொண்டே நிஜமாகவே யோசித்தேன். "இல்ல நைனா" என்றேன்.

அவர் என்னிடம் ஒரு பொய்யைக் கேட்டார். தன் தங்கையை நம்புவதற்கு ஒரே ஒரு ஆள் ஆமாம் என்று சொன்னால் போதும், அதைப் பிடித்துக்கொண்டு ஊரோடு மல்லுக்கு நிற்கலாம் என்று தவித்திருக்கிறார். பதினொரு வயதில் எனக்கு அது எட்டவில்லை. எட்டியிருந்தால் சொல்லியிருப்பேனா என்பதும் தெரியவில்லை.

சம்பந்தம் முறிந்தது. ஆவணிக் கடைசியில் எல்லைக்கு அந்தப் பக்கம், தடாவுக்கு மேற்கே ஒரு ஊரில், மனைவியை இழந்த ஒருவருக்கு அத்தையைக் கட்டிக் கொடுத்தார்கள். இரண்டு சின்னப் பிள்ளைகள். மாமா தங்கமான மனிதர்தான், அதைப் பிற்பாடு நாங்கள் எல்லோருமே பார்த்தோம். ஆனால் அத்தை அவரைத் தேர்ந்தெடுக்கவில்லை. புறப்படும்போது டேப் ரெக்கார்டரை எடுத்துக்கொள்ளச் சொன்னாள் அம்மா. அத்தை வேண்டாம் என்று தலையாட்டினாள். என்னைக் கட்டிக்கொண்டாள். ஒரு வார்த்தை கடிந்து சொல்லவில்லை. அவள் போன பிறகு தலையணையில் அந்த மாத்திரை வாடை ஒரு வாரம் இருந்தது.

ஆடி முழுக்க அரச மரத்துக் குழாயில் அந்தக் கேசட்தான் ஓடியது என்பதையும் சொல்லிவிடுகிறேன். பி பக்கம் நாலாவது பாட்டு வரும்போது அத்தை தண்ணீர்க் குடத்தோடு நின்று கேட்பாள். தெருவில் வேறு யாரும் நிற்கவில்லை.

கார்த்திகையில் புயல் வந்தது. நம்மில் கடலோரத்துக்காரர்களுக்கு நினைவிருக்கும். மூன்று நாள் பேய்மழை, அப்புறம் விட்டுவிட்டு மழை, பத்து நாள் மின்சாரம் இல்லை. ஏரி உடைந்து தெருவில் முழங்கால் தண்ணீர். ஆலை மூடியிருந்தது. ஆனாலும் நைனா தண்ணீர் இறைக்கும் வேலைக்கு ஆலைக்கே போயிருந்தார். புயல் செய்தி கேட்பதற்காக, ரேடியோவும் சேர்ந்த அந்த டேப் ரெக்கார்டரில் நாலு பெரிய பேட்டரி போட்டு வைத்திருந்தார். வாரம் ஆனதில் அவை தளர்ந்துவிட்டன. வெயில் இருந்தால் காய வைத்துக் கொஞ்சம் உயிர் கொடுக்கலாம். வெயிலே இல்லை.

மதியம் சாப்பிட்ட பிறகு எனக்குப் பொழுது போகவில்லை. பள்ளிக்கூடம் கிடையாது, வெளியே போகவும் வழி கிடையாது. மரப்பெட்டியைக் குடைந்ததில் அந்தக் கேசட் கையில் அகப்பட்டது. பி பக்கத்தைப் போட்டுவிட்டு ஜன்னலில் மழையைப் பார்த்துக்கொண்டிருந்தேன். முதல் இரண்டு பாட்டு சாதாரணமாகப் போனது. மூன்றாவது பாட்டில் நாடா சோம்பத் தொடங்கியது. பாடுகிறவள் களைத்துப்போய்ப் பாடுவது போல இருந்தது. பேட்டரி தீருகிறது என்று தெரிந்தது. நிறுத்தக் கை வரவில்லை, மழைக்கு அந்த இழுவை நன்றாக இருந்தது.

நாலாவது பாட்டு வந்தது. உடுக்கை நிதானமாக ஒலித்தது. அப்புறம் எங்கள் வீட்டுக்குள் அத்தை பாடினாள்.

நான் சுவரோடு ஒட்டிக்கொண்டேன். அத்தையேதான். பாத்திரம் துலக்கிக்கொண்டு பாடும் அத்தை. தாயே என்று நீட்டும்போது கடைசியில் லேசாகக் கரகரக்கும், அந்தக் கரகரப்பு அப்படியே வந்தது. அடுத்த அடிக்கு முன்னால் திருட்டுத்தனமாக ஒரு மூச்சு வாங்குவாள், அந்த மூச்சும் வந்தது. சமையல்கட்டிலிருந்து அம்மா ஈரக் கையோடு ஓடி வந்தாள். அத்தைதான் வந்துவிட்டாள் என்று வாசல் கதவை முதலில் பார்த்தாள். அப்புறம் பெட்டியைப் பார்த்தாள். இரண்டு பேரும் அசையாமல் நின்று கேட்டோம். ஒரு சரணம் வரைக்கும்தான். பேட்டரி இன்னும் இறங்க, குரல் தடித்து ஆண் குரலாகி, பிறகு உறுமலாகி நின்றுவிட்டது.

அம்மா கீழே உட்கார்ந்துவிட்டாள். "அய்யோ, அவதாண்டி" என்றாள். "அவளேதான்."

பல வருடம் கழித்து, ஒலிப்பதிவுத் தொழிலில் இருந்த ஒருவரிடம் இதைக் கேட்டேன். அவர் சிரித்துக்கொண்டே விளக்கினார். பதினாறு பாட்டு என்று அட்டை அச்சடித்துவிடுவார்கள். நாடாவில் இடம் போதாது. பாட்டைக் குறைத்தால் விற்காது. அதனால் நகல் எடுக்கும்போது கொஞ்சம் வேகமாக ஓட விட்டுவிடுவார்கள். எல்லாப் பாட்டும் சுருங்கி உள்ளே அடங்கிவிடும். சுருதி ஒரு கட்டை ஏறிவிடும், குரல் கீச்சென்று ஆகிவிடும். "யாரும்மா அதையெல்லாம் கவனிக்கப் போறாங்க?" என்றார். நானும் சிரித்து வைத்தேன்.

அன்று மழையில் நைனா வரும் நேரம் ஆகிக்கொண்டிருந்தது. நான் வாசலுக்கே ஓடிப்போய்ச் சொல்லத் தயாராக இருந்தேன். அம்மா என் கையை இறுகப் பிடித்துக்கொண்டாள்.

"உங்க நைனாகிட்ட சொல்லாத கண்ணு."

"ஏம்மா? அத்தை பொய் சொல்லலம்மா!"

"தெரியுது. அவ அங்க ரெண்டு புள்ளைங்களுக்கு அம்மாவாய்ட்டா. இப்போ வயித்துலயும் ஒண்ணு கீது. இனிமே இத்தச் சொல்லி இன்னாத்தத் திருப்பப் போற? தெரிஞ்சா உங்க நைனா தாங்க மாட்டாரு. ஏரியில போய் வுழுந்துடுவாரு. சொல்லாத."

அம்மாவை நான் குறை சொல்ல மாட்டேன். அவளுக்குத் தன் புருஷன் உயிர் பெரிதாகத் தெரிந்தது. என்னைத்தான் சொல்ல வேண்டும். சொல்லாதே என்று அவள் சொன்னதும் எனக்கு உள்ளுக்குள் ஒரு நிம்மதி வந்தது. இல்லை என்று சொன்னவள் நான்தானே? பாயில் ஒரு தடவை, ரயிலில் ஒரு தடவை. உண்மை தெரிந்தால் நைனா முதலில் என் முகத்தைத்தான் பார்த்திருப்பார். மழை விட்ட பிறகு மரப்பெட்டியில் அந்தக் கேசட் இல்லை. அம்மா என்ன செய்தாள் என்று நான் கேட்கவில்லை, அவளும் கடைசிவரை சொல்லவில்லை.

அத்தை அதற்கப்புறம் பாடவில்லை. அவள் ஊர் சர்ச்சில் எல்லோரும் எழுந்து பாடும்போது பாட்டுப் புத்தகத்தைத் திறந்து வைத்துக்கொண்டு வாயை மூடி நிற்பாள். நைனா ஒவ்வொரு கிறிஸ்மசுக்கும் புடவை எடுத்துக்கொண்டு தங்கை வீட்டுக்குப் போவார். ஒருமுறைகூடத் தவறியதில்லை. போன வருடம் தவக் காலத்தில் அவர் ஆஸ்பத்திரியில் கிடந்தபோது மூன்று நாள் நான்தான் பக்கத்தில் இருந்தேன். நினைவு தப்பாமல் பேசிக்கொண்டுதான் இருந்தார். சொல்லிவிடலாம் என்று எத்தனையோ தடவை வாய் வரைக்கும் வந்தது. வயதான மனிதரை இப்போது போய் ஏன் பேஜாரில் விட வேண்டும் என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன். அம்மாவின் வார்த்தைகளே என் வாயில் வந்து உட்கார்ந்திருந்தன.

நாற்பதாம் நாள் ஜெபம் முடிந்த மறுவாரம் அத்தை வீட்டுக்குப் போனேன். மாமா பேரனோடு வயல் பக்கம் போயிருந்தார். அத்தை முருங்கைக் கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். தலை முழுக்க வெளுத்துவிட்டது. எதிரில் உட்கார்ந்து எல்லாவற்றையும் சொன்னேன். புயல், பேட்டரி, நாலாவது பாட்டு, அம்மா என் கையைப் பிடித்தது, ஒன்றையும் விடவில்லை. சொல்லி முடிப்பதற்குள் எனக்கு அழுகை வந்துவிட்டது. அவள் அழவில்லை. கீரையை ஆய்கிற கை மட்டும் நின்றது.

"அந்த எடத்துல மூச்சு வாங்கக் கூடாதுன்னு அன்னிக்கி அந்தக் கச்சேரிக்காரரு திட்டுனாரு" என்றாள். "அதுவும் கேட்டுச்சா?"

"கேட்டுச்சு அத்தை."

கையில் இருந்த கீரையைத் தட்டில் போட்டாள். பிறகு என் முகத்தைப் பார்க்காமல் கேட்டாள்.

"எங்கண்ணனுக்குத் தெரியுமா?"

இந்தக் கேள்விக்கு நான் தயாராகத்தான் வந்திருந்தேன். வழியெல்லாம் பஸ்ஸில் சொல்லிப் பார்த்துக்கொண்டு வந்தேன்.

"தெரியும் அத்தை. ரெண்டு வருசம் முன்னாடியே சொல்லிட்டேன். ரொம்ப அழுதாரு. எந்தங்கச்சி பொய் சொல்லாதுன்னு எனக்குத் தெரியும்னாரு."

அத்தை என்னைப் பார்த்தாள்.

"போன கிறிஸ்மசுக்கு வந்தாரு" என்றாள். "இந்தா, நீ இப்போ குந்தினு கீறியே, இதே எடத்துல குந்துனாரு. புடவையக் குடுத்தாரு. குடுத்துட்டு, 'நான் அதையெல்லாம் எப்பவோ மன்னிச்சிட்டேம்மா, நீ மனசுல வச்சுக்காத'ன்னாரு. வருசா வருசம் வந்து என்ன மன்னிச்சிட்டுத்தான் போவாரு."

தலையைக் குனிந்துகொண்டேன். கீரைத் தட்டைத் தள்ளி வைத்துவிட்டு அவள் பக்கத்தில் நகர்ந்து வந்தாள்.

"உனக்கு அன்னிக்கும் பொய் சொல்ல வரல, இன்னிக்கும் வரலடி" என்று சொல்லி, முந்தானையால் என் முகத்தைத் துடைத்துவிட்டாள்.